நஞ்சா, நடத்தையா?

வீட்டிலே ஒருவர் மாள, வீட்டாரே வீட்டாரை ஐயுறும் வழக்கினும் கொடியது பிறிதில்லை.

1889ஆம் ஆண்டு மே 11ஆம் நாள் இங்கிலாந்தின் லிவர்பூல் நகரிலே ஜேம்ஸ் மேபிரிக் என்னும் பருத்தி வணிகர் நோயுற்று இறந்தார். அவருடைய இளம் மனைவி புளோரன்ஸ், அமெரிக்காவின் அலபாமாவிலிருந்து வந்தவர். ஈக்களைக் கொல்லும் தாள்களை அவர் நீரில் ஊறவைத்ததைப் பணிப்பெண்கள் கண்டிருந்தனர். அத்தாள்களில் ஆர்செனிக் என்னும் பாஷாணம் உண்டு. போதாக்குறைக்கு, வேற்று ஆடவர் ஒருவருக்கு அவர் எழுதிய கடிதமும் கணவரின் சகோதரர் கையிற் சிக்கியது.

முகப்பூச்சுக்காகவே தாள்களை ஊறவைத்ததாகப் புளோரன்ஸ் கூறினார். கணவரோ நெடுங்காலமாக ஆர்செனிக் உட்கொண்டு வந்தவர் எனச் சாட்சிகள் மொழிந்தனர். உடலிற் காணப்பட்ட நஞ்சு உயிர் போக்கும் அளவினும் குறைவு. மருத்துவர்களும் தம்முள் முரண்பட்டனர். குற்றஞ்சாட்டப்பட்டவர் சத்தியஞ் செய்து சாட்சி சொல்லும் உரிமை அந்நாட்டில் 1898இலேதான் பொதுவாக்கப்பட்டது.

நீதிபதி ஜேம்ஸ் ஸ்டீபன் நம்மவருக்கும் தொடர்புடையவர். 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தை வரைந்தவர் அவரே. 1895ஆம் ஆண்டின் இலங்கைச் சான்றுக் கட்டளைச்சட்டம் அதனை அடியொற்றியதே. ஒருவரின் தீய நடத்தை பொதுவாகக் குற்றத்துக்குச் சான்றாகாது என்று எழுதிய அக்கையே, யூரிமாருக்கு வழக்கைத் தொகுத்துரைத்தபோது அப்பெண்ணின் ஒழுக்கக்கேட்டை வன்மையாகச் சுட்டியது. பிறழ்ந்த உறவைக் கொலைக்கான நோக்கமாகக் காட்டுதல் வேறு. அதனையே கொலைக்குச் சான்றாக்குதல் வேறு. ஆடவர் மட்டுமே அமர்ந்த யூரி ஒரு மணி நேரத்துக்குள் குற்றவாளி என்றது. மரணதண்டனை விதிக்கப்பட்டது.

இறப்புக்கு ஆர்செனிக்தான் காரணமோ என்னும் ஐயத்தால், உள்நாட்டு அமைச்சர் அதனை ஆயுட்சிறையாகக் குறைத்தார். நஞ்சூட்ட முயன்றார் என்பதே எஞ்சிய குற்றம். அதற்கோ அவர் விசாரிக்கப்படவேயில்லை! மேன்முறையீடு செய்யக் குற்றவியல் நீதிமன்றமும் அன்றில்லை. அதற்கான சட்டம் 1907இலேதான் வந்தது. 1904இல் விடுதலையான புளோரன்ஸ் 1941இல் அமெரிக்காவிலே தனிமையில் இறந்தார். கைதான பின் தம் இரு பிள்ளைகளோடு அவர் மீண்டும் கூடி வாழவேயில்லை.

அவர் நஞ்சிட்டாரா? எவரும் உறுதியாய் உரைத்தற்கில்லை. உறுதியில்லாவிடத்து, அவருடைய நடத்தையைக் கொண்டு அவ்விடைவெளியை நிரப்பினர் என்பதே உண்மை. அந்நிய மண்ணிலே, ஒருவர் வீட்டுச் செய்தி மற்றவர் வீட்டுக்கு விரைந்தெட்டும் தொடர்மாடிகளில் வாழும் நாம் இதனை எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஒருத்தியை நமக்குப் பிடிக்கவில்லை என்பது ஒரு செய்தி. அவள் குற்றஞ் செய்தாள் என்பது முற்றிலும் வேறொன்று.