தலைமுறையை அளக்கும் கோல்

மலேசியத் தமிழ் இளையோரைப் பற்றிய ஆய்வுகள் பெருகியுள்ளன. ஆயினும் அவற்றுள் இளையோரைக் காண்பதுதான் அரிதாக இருக்கிறது. அட்டவணைகள் உள்ளன, விழுக்காடுகள் உள்ளன, ‘சீரழிவு’, ‘அடையாளச் சிக்கல்’, ‘தலைமுறை இடைவெளி’ என்னும் தலைப்புகள் உள்ளன. மலாக்கா மாநிலத்தின் கடலோரத்தில் கோலா சுங்கை பாருவிலோ, அதனை அடுத்த மஸ்ஜிட் தானா, அலோர் காஜா வட்டாரங்களிலோ, தோட்டத்தில் பிறந்து பட்டணத்தின் விளிம்பில் வளர்ந்த ஒரு பையன் அத்தலைப்புகளுள் எதனிலும் முழுமையாக அடங்குவதில்லை. அடங்காமை பையனின் குற்றமன்று. அளக்கும் கோலின் குற்றம்.

இஃது அறிஞர்கள் தமக்குள் பேசி முடித்துக்கொள்ளும் வழக்கென்று தமிழாசிரியர் ஒதுங்கிவிடல் ஆகாது. ஆய்வில் எழுதப்படும் சொல் ஏட்டோடு நின்றுவிடுவதில்லை. அது நாளிதழின் தலைப்பாகிறது, அதிகாரியின் அறிக்கையாகிறது, கடைசியில் ஆசிரியர் அறையிலே ஒரு மாணவனைக் குறித்துக் கூறப்படும் தீர்ப்பாகிறது. தீர்ப்பு முதலிலும் விசாரணை பின்னும் நடக்கும் இடத்தில் கல்விக்கு வேலையில்லை.

ஆண்டுக் கணக்கும் தலைமுறைக் கணக்கும்

அகவையைப் பகுத்துப் பெயரிடுவது தமிழுக்குப் புதிதன்று. பேதை, பெதும்பை, மங்கை, மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண் எனப் பெண்பாற் பருவங்களைப் பாட்டியல் நூலார் ஆண்டுக் கணக்கோடு வகுத்தனர். ஆண்பாற் பருவங்களுள் அவர்கள் கூறிய ‘விடலை’ இன்றும் வழக்கில் வாழ்கிறது. எனினும் அவ்வகுப்பு செய்யுள் செய்வார்க்கு உரியது. சமுதாய மாற்றத்தை விளக்க எழுந்ததன்று.

மேலைநாட்டு அறிஞரும் அகவையிலிருந்தே தொடங்கினர். 1904இல் ஸ்டான்லி ஹால் விடலைப் பருவம் இயல்பாகவே புயலும் கொந்தளிப்பும் நிறைந்ததெனப் பெருநூல் எழுதினார். 1928இல் மார்கரெட் மீட் சமோவாத் தீவுப் பெண்களைச் சான்று காட்டி, அக்கொந்தளிப்பு உடலின் விளைவன்று, வளர்க்கும் சமுதாயத்தின் விளைவு என்றார். அதே 1928இல் கார்ல் மான்ஹைம் ஜெர்மானிய மொழியில் எழுதிய கட்டுரைதான் தலைமுறை ஆய்வுக்குத் தூணாயிற்று. ஒரே ஆண்டில் பிறந்தமையால் மட்டும் மக்கள் ஒரு தலைமுறையாகிவிடுவதில்லை. இளமையில் ஒரே வரலாற்று நிகழ்ச்சி அவர்களைத் தாக்கி, அதில் அவர்கள் பங்குகொள்ளும்போதே தலைமுறை உருவாகிறது என்பது அவர் கருத்தின் சாரம்.

இத்தெளிவு பிறந்து தொண்ணூறு ஆண்டுகள் கடந்துவிட்டன. இருந்தும் இந்நாட்டு ஆய்வேடுகள் மீண்டும் அகவையையே பிடித்துத் தொங்குகின்றன. அந்த அகவைக்கேனும் ஓர் உறுதி உண்டா? ஐக்கிய நாட்டு நிறுவனத்தின் கணக்கில் இளையோர் 15 முதல் 24 வரை. மலேசியாவின் 2007ஆம் ஆண்டு இளைஞர் சட்டத்தில் 15 முதல் 40 வரை. 2019இல் நாடாளுமன்றம் செய்த திருத்தத்தில் மேல்வரம்பு 30. எனவே முப்பத்தைந்து அகவையினன் ஓர் ஆய்வில் இளைஞன். மற்றோர் ஆய்வில் இளைஞனுக்குத் தந்தை!

இதனினும் வேடிக்கை, ‘ஒய் தலைமுறை’, ‘இசட் தலைமுறை’ என்னும் இறக்குமதிப் பெயர்கள். இவ்வரிசை 1946 முதல் அமெரிக்காவில் பெருகிய பிள்ளைப்பேற்றை அடியாகக் கொண்டு வளர்ந்தது. போர் முடிந்து வீடு திரும்பிய வீரர்களும் அவர்கள் கண்ட செழிப்பும் அதன் பின்னணி. அதே 1946இல் மலாயாத் தோட்டங்களில் இருந்தோர் யார்? சயாம் மரண இரயில் பாதைக்குக் கணவனை அனுப்பி, அவன் திரும்பாமையால் தனித்து நின்ற தாய்மார்கள். அமெரிக்கரின் நாட்காட்டியை லயத்து வீட்டுச் சுவரில் மாட்டினால் அது எந்த நாளைக் காட்டும்?

தோட்டத்தின் நாட்காட்டி

தோட்டத் தமிழருக்கென ஒரு நாட்காட்டி உண்டு. 1896இல் தான் சாய் யான் மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் வாணிக நோக்கில் ரப்பர் பயிரிட்டது அதன் முதல் ஏடு. 1942, 43இல் சயாம் இரயில் பாதை. 1948இல் தொடங்கிய அவசரகாலமும் முள்வேலிக்குள் நெருக்கப்பட்ட லயங்களும். விடுதலைக்கு முன்னும் பின்னும் நடந்த தோட்டத் துண்டாடலும், அதனை எதிர்கொள்ள 1960இல் வீ. தி. சம்பந்தன் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கமும். 1969க்குப் பின் வேலை அனுமதிச் சீட்டு கிட்டாமல் பல்லாயிரவர் தமிழகத்துக்குக் கப்பலேறியது. பால்மரம் வீழ்த்தப்பட்டுச் செம்பனை எழுந்தது. 2007 நவம்பர் 25இல் கோலாலம்பூர் வீதிகளில் திரண்ட பேரணி. இவை ஒவ்வொன்றும் ஒரு தலைமுறையைச் செய்தன.

இவற்றுள் செம்பனையின் செயலை எண்ணிப் பார்த்தல் வேண்டும். ரப்பர்த் தோட்டத்தில் விடியுமுன் பிரட்டுக்கு நின்று, ஆணும் பெண்ணும் தத்தம் நிரையில் மரம் வெட்டினர். குடும்பம் முழுவதற்கும் வேலை இருந்தது. செம்பனைக்கு அத்தனை கைகள் தேவையில்லை. குலை அறுப்பது பெரும்பாலும் ஆடவர் வேலை. தோட்டத்திலே வேலையும் வீடும் ஒரே முடிச்சு. வேலை போனால் வீடும் போகும். நிலம் வீடமைப்புக்கோ தொழிற்பேட்டைக்கோ விற்கப்பட்டபோது கோயிலும் திடலும் ஆயாக்கொட்டகையும் ஒருங்கே அகன்றன. மலிவு விலை அடுக்குமாடியில் குடியேறிய குடும்பத்துக்குக் கூரை கிடைத்தது, திடல் கிடைக்கவில்லை.

பின்பு ஆய்வாளர் வருகிறார். ‘மாலைப் பொழுதை எங்கே கழிக்கிறாய்?’ என்று வினாப்படிவம் கேட்கிறது. ‘ஐந்தடியில்’ என்று பையன் குறிக்கிறான். ‘நோக்கமின்றிச் சுற்றுதல்’ என்னும் பத்தியில் அவன் எண்ணாகச் சேர்கிறான். திடலைப் பறித்தவன் அந்த அட்டவணையில் எங்கேனும் உண்டா? நிலத்திலும் தொழிலிலும் நேர்ந்த மாற்றத்தை இளமையின் கோளாறென்று எழுதுவது ஆய்வன்று. பழியை இடம் மாற்றுவது.

குழப்பக்காரன் மட்டுமே இளைஞனா?

இரண்டாவது குறை, தொல்லை தரும் ஆணே இளைஞன் என்னும் எண்ணம். 2013இல் உள்துறை அமைச்சு 49 சட்டவிரோதக் குழுக்களின் பெயர்களை வெளியிட்டு, உறுப்பினருள் பெரும்பான்மையோர் இந்தியரென அறிவித்தது. குண்டர் கும்பல் மெய்யான துயரம். அதனை மறைப்பதால் எவருக்கும் நன்மையில்லை. ஆனால் கும்பலில் சேர்ந்தவனை விளக்க எழுந்த கருத்துகள் சேராதவன் மீதும் போர்த்தப்படுகின்றன. பிரிட்டனில் இளைஞர் குழுக்கள் பற்றி எழுந்த அச்சத்தை ஆராய்ந்து 1972இல் ஸ்டான்லி கோகன் எழுதிய நூல், அச்சத்தைப் பெருக்கும் செய்தியும் அதிகாரமும் அந்த ‘அரக்கரை’ உருவாக்குவதில் பங்குகொள்வதைக் காட்டிற்று. அப்பாடத்தை இங்குள்ள ஆய்வேடுகள் மேற்கோளாகக் கொள்கின்றன, படிப்பினையாகக் கொள்வதில்லை.

தோட்டத்து இளையோரின் வரலாறு குழப்பத்தின் வரலாறு மட்டுமன்று. 1941இல் கிள்ளான் வட்டாரத்து வேலைநிறுத்தத்தின் கோரிக்கைகளுள் ஒன்று, துரையின் எதிரே தொழிலாளி மிதிவண்டியை விட்டு இறங்கவேண்டும் என்னும் வழக்கத்தை ஒழிக்கவேண்டும் என்பது. ஊதிய உயர்வோடு இச்சிறு கோரிக்கை ஏன் சேர்ந்தது? முந்தியோர் தலை குனிந்து நின்ற இடத்தில் இருக்கையை விட்டு இறங்கமாட்டேன் என்று சொல்லும் ஒரு மனம் பிறந்துவிட்டது என்பதே அதன் பொருள். தலைமுறை மாற்றத்தைக் காட்ட அந்த மிதிவண்டியினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை. போருக்குப் பின் கெடாவில், பீடோங் ஹார்வர்ட் தோட்டத்து ஏ. எம். சாமியின் தலைமையில் எழுந்த தொண்டர் படை கள்ளுக்கடையை எதிர்த்தது. கோ. சாரங்கபாணியின் தமிழ் முரசு வளர்த்த மாணவர் மணிமன்றமும், பின்னர் ஊர்தோறும் எழுந்த மணிமன்றங்களும் தோட்டத்துப் பிள்ளைகளை மேடையேற்றின. இவை ‘இளையோர் பண்பாடு’ என்னும் பெயருக்கு உரியன அல்லவா? தலைமயிரும் உடையும் மட்டுமா பண்பாடு?

பெண்பிள்ளைகளின் நிலையோ இன்னும் இரங்கத்தக்கது. இங்கிலாந்தின் பர்மிங்காம் ஆய்வாளர்கள் இளைஞர் குழுக்களைப் பற்றிப் புகழ்பெற்ற நூல்கள் எழுதிய காலத்திலேயே, 1976இல் ஏஞ்சலா மெக்ராபியும் ஜென்னி கார்பரும் ‘பெண்கள் எங்கே?’ என்று வினவினர். அவ்வினா மலாக்காவுக்கும் பொருந்தும். 1943இல் ஜான்சி ராணிப் படையில் துப்பாக்கி ஏந்தியோருள் தோட்டத்துப் பெண்கள் இருந்தனர். 1970களில் பத்து பிரண்டாம், தஞ்சோங் கிளிங் தொழிற்பேட்டைகள் எழுந்தபின், தொழிற்சாலைப் பேருந்தில் ஏறிய பெண் தன் கையில் தன் ஊதியத்தைக் கண்டாள். திருமணம், சேமிப்பு, உடன்பிறந்தோர் கல்வி ஆகியவற்றில் அவள் சொல் எடையேறிற்று. அவள் ஐந்தடியில் நிற்கவில்லை. ஆதலால் ஆய்வாளர் கண்ணில் படவில்லை.

ஒரு நாள் படிவம்

மூன்றாவது குறை, நேரத்திலும் மொழியிலும் காட்டும் சிக்கனம். மீட் அம்மையார் சமோவாவில் தங்கியது ஓராண்டுக்கும் குறைவு. அவரை டெரெக் ஃபிரீமன் 1983இல் கடுமையாக மறுத்தார். பின்வந்தோர் ஃபிரீமனின் மறுப்பிலும் பிழைகள் கண்டனர். மாதக்கணக்கில் உடனிருந்து எழுதியதற்கே இத்தனை வழக்கென்றால், ஒரு காலை நேரத்தில் மண்டபத்தில் நிரப்பப்பட்ட படிவத்துக்கு என்ன உறுதி?

பொறுமையோடு செய்தாரும் உண்டு. ரவீந்திர ஜெயின் 1962, 63இல் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் ஆய்வு செய்து 1970இல் வெளியிட்ட நூல் இன்றும் பயன் தருகிறது. பால் வில்லிஸ் 1977இல் வெளியிட்ட நூலுக்காகப் பன்னிரண்டு பையன்களைப் பள்ளியிலிருந்து தொழிற்சாலை வரை பின்தொடர்ந்தார். தொழிலாளியின் மகன் ஏன் தொழிலாளியாகவே ஆகிறான் என்னும் வினாவுக்கு, அப்பையன்கள் பள்ளியை மறுத்த முறையிலேயே விடை கண்டார். அவர்களைப் பழிக்கவுமில்லை, போற்றிப் பாடவுமில்லை.

இங்கே நடப்பதற்கு ஓர் எடுத்துக்காட்டுப் போதும். ‘படிவம் மூன்று மாணவர்’ என்று ஒரே கூடையில் போட்டு இனவாரியாக ஒப்பிடும் முறை நெடுங்காலமாக உண்டு. தமிழ்ப்பள்ளியிலிருந்து வந்தவருள் பலர் புகுமுக வகுப்பில் ஓராண்டைக் கழித்தே படிவம் ஒன்றுக்குச் சென்றனர். எனவே மற்றவர் பதினைந்திலிருக்க இவர் பதினாறில் இருந்தார். தம்மினும் இளையவரோடு அமர்ந்து, வேறு மொழியில் கற்ற அந்த ஓராண்டின் நாணமும் சினமும் அட்டவணையில் எந்தக் கட்டத்தில் உள்ளன? வினா மலாயிலோ ஆங்கிலத்திலோ இருக்க, வீட்டைப் பற்றிய நினைவு தமிழில் இருந்தால், விடையில் பாதி நாவிலேயே தங்கிவிடும்.

மாற்றமெல்லாம் இழப்பா?

நான்காவது குறையில் ஆய்வாளரோடு தமிழாசிரியருக்கும் பங்குண்டு. மாறியதெல்லாம் அழிந்தது என்று கொள்வது அக்குறை. மலாக்கா காஜா பெராங் செட்டிகள் தலைமுறை பலவாக மலாய் பேசி வருகின்றனர். கோயிலும் வழிபாடும் விடவில்லை. இதனால் மொழி தேவையில்லை என்பது முடிபன்று. மொழியும் சமயமும் உறவும் வெவ்வேறு விரைவில் மாறும், ஆதலின் வெவ்வேறாக அளக்கப்படல் வேண்டும் என்பதே முடிபு. 2006இல் யோகி பியும் நட்சத்திராவும் ‘வல்லவன்’ இசைத்தொகுப்பை வெளியிட்டபோது, இந்நாட்டு இளைஞர் தமிழில் சொல்லடுக்கிப் பாடியது கடல் கடந்து கேட்டது. அதனை வெறும் கூச்சலென்றவர் பலர். எதுகையும் மோனையும் அங்கே எவ்வாறு புகுந்தன என்று ஆராய்ந்தவர் சிலர். 2015இல் வெளிவந்த சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ திரைப்படம், தோட்டத்தை இழந்த குடும்பத்துச் சிறுவன் வழிதவறும் வகையைக் காட்டிற்று. பல ஆய்வேடுகள் சொல்லத் தவறியதை ஒரு திரைப்படம் சொல்லிற்று என்றால், நாணவேண்டியது யார்?

செய்யத்தக்கது

கணக்கெடுப்பே வேண்டாம் என்று வாதிடுவது அறியாமை. எத்தனை பேர் பள்ளியை விட்டு நின்றனர் என்று எண்ணாமல் உதவித்திட்டம் வகுக்க இயலாது. எண் ‘எத்தனை’ என்று சொல்லும். ‘ஏன்’ என்று சொல்லாது. அந்த ‘ஏன்’ தமிழ்ப்பள்ளிகளின் அலமாரிகளில் உறங்குகிறது. பழைய சேர்க்கைப் பதிவேட்டைப் புரட்டினால், ஒரே மாதத்தில் பல குடும்பங்களின் பிள்ளைகள் மாற்றுச் சான்றிதழ் பெற்றுச் சென்ற பக்கம் தென்படும். தோட்டம் மூடப்பட்டதற்கு அதனினும் நேரிய சான்று வேறில்லை. 1957இல் 800க்கும் மேற்பட்டிருந்த தமிழ்ப்பள்ளிகள் இன்று 530க்கும் குறைவு. மூடப்பட்ட பள்ளிகளின் ஏடுகள் கரையானுக்கு இரையாகுமுன் காக்கப்படல் வேண்டும்.

ஆசிரியர் பயிற்சி பெறும் மாணவர் ஒவ்வொருவரும் ஆறாம் ஆண்டு முடித்துச் செல்லும் ஒரு வகுப்பை ஏற்று, அப்பிள்ளைகளைப் பதினைந்திலும் பதினெட்டிலும் இருபத்தைந்திலும் சந்தித்து எழுதிவைக்கட்டும். பெயரை மறைத்து, பெண்பிள்ளைகளை விடாமல், தமிழில் கேட்டு எழுதட்டும். பாட்டியின் பிரட்டுக்களமும், தந்தையின் செம்பனைக் காடும், பேரனின் ஐந்தடியும் ஒரே ஏட்டில் அடுத்தடுத்து நின்றால், தலைமுறை மாற்றம் என்பது என்னவென்று தானே விளங்கும். பல்கலைக்கழகம் அதனைப் படித்துத் தன் கோலைத் திருத்திக்கொள்ளலாம்.

தன்னைப் பற்றிப் பிறர் எழுதியதையே படித்து வளரும் சமுதாயம், நாளடைவில் அவ்வெழுத்தின்படியே தன் பிள்ளைகளைப் பார்க்கத் தொடங்கும். அப்பார்வை வகுப்பறைக்குள் நுழையாமல் காப்பது இலக்கணம் கற்பிப்பதற்குச் சற்றும் குறைந்த கடமையன்று.