எறும்பு ஊரக் கல்லும் தேயும்!

"பொம்பளப் புள்ளைங்களுக்கு ஃபுட்பால் எதுக்கு?" என்று கேட்பவர்களுக்கு நான் ஒரே ஒரு பெயரைச் சொல்வேன்: ஃபோர்மிகா. போர்த்துகீசிய மொழியில் எறும்பு என்று பொருள். பிரேசிலின் நடுக்கள வீராங்கனை.

அங்கே 1941-இல் பெண்கள் கால்பந்துக்குப் போட்ட தடை 1979-இல்தான் நீங்கியது. தடைக்காலத்தில், 1978-இல் பிறந்தவர் இவர். ஆனால் 1995 முதல் 2019 வரை ஏழு உலகக் கோப்பைகளில் ஆடினார்! ஆண்களில்கூட அத்தனை பேர் இல்லை, ஒருத்தர்கூட இல்லை! ஒலிம்பிக்கும் ஏழு, இரண்டு வெள்ளி. 2021 நவம்பரில், 43 வயதில், தேசிய அணிக்காகக் கடைசியாக ஆடியது நம் இந்தியாவுக்கு எதிராகத்தான்.

திறமை எப்பவும் இருந்தது, இல்லாதது அனுமதிதான். நம்ம கிரவுண்டில் மாலை ஒரு மணி நேரம் மாணவிகளுக்கு ஒதுக்கினால் என்ன குறைஞ்சுடும்? சிந்திப்பீர்!