கரையாத விஷம்

வயிற்றில் தீராத உபாதை என்று வைத்தியரிடம் போனவர்களில் சிலர், எக்ஸ்-ரே படம் எடுப்பதற்கு முன்னால் சுண்ணாம்புக் கரைசல் போன்ற வெள்ளைத் திரவம் ஒன்றைக் குடித்திருப்பார்கள். அதில் இருப்பது பேரியம் ஸல்பேட். பேரியமோ பொல்லாத விஷம். ஜலத்தில் கரைந்து இரத்தத்தில் கலந்தால் இருதயத்தையே நிறுத்திவிடக் கூடியது. அப்படியிருக்க, அதைத் டம்ளர் நிறையக் கொடுக்கும் துணிவு வைத்தியருக்கு எங்கிருந்து வந்தது? ஒரு சிறு கணக்கிலிருந்துதான்.

சாதாரண உஷ்ண நிலையில் ஒரு லிட்டர் ஜலம் ஏறக்குறைய 2.45 மில்லிகிராம் பேரியம் ஸல்பேட்டைத்தான் கரைக்கும். இப்பொருளில் 233.4 கிராம் கொண்டது ஒரு மோல். ஆகவே 0.00245-ஐ 233.4-ஆல் வகுத்தால், லிட்டருக்கு 0.0000105 மோல் என்று விடை வருகிறது. கரைந்தது பேரியம் அயனி, ஸல்பேட் அயனி என்று சரிபாதியாகப் பிரிவதால், இரண்டின் அளவும் இதே எண்தான். ஒன்றை மற்றொன்றால் பெருக்கினால் 1.1 × 10⁻¹⁰. அதாவது சுமார் ஆயிரம் கோடியில் ஒரு பங்கு. இதற்குத்தான் 'கரைதிறன் பெருக்கம்' என்று பெயர். இத்தத்துவத்தை 1889-ல் வகுத்தவர் ஜெர்மன் விஞ்ஞானி வால்தர் நெர்ன்ஸ்ட்.

உஷ்ணம் மாறாதவரை, தெவிட்டிய கரைசலில் இந்தப் பெருக்கமும் மாறுவதில்லை. ஆகையால் ஜோடியில் ஒன்று குறைந்தால் மற்றொன்று கூடியே தீரும். ஆபத்து இங்கேதான் இருக்கிறது. பேரியம் கார்பனேட்டின் பெருக்கமும் மிகச் சிறிய எண்ணே. ஆனால் வயிற்றிலுள்ள அமிலம் கார்பனேட்டை வாயுவாக்கி விரட்டிவிடுகிறது; துணை போகப் போகப் பேரியம் மேலும் மேலும் கரைகிறது. எலி பாஷாணமாக அது பயன்பட்டதன் காரணம் இதுவே. ஸல்பேட்டிடம் இந்த அமிலத்தின் ஜம்பம் அவ்வளவாகச் சாய்வதில்லை. 2003-ல் பிரேஸில் தேசத்தில், கார்பனேட் கலந்துவிட்ட பேரியம் மருந்தைக் குடித்த நோயாளிகள் பலர் மாண்டுபோனார்கள்.

பேரிய விஷத்துக்கு மாற்று மருந்தும் இதே கணக்கில் அடங்கியிருக்கிறது. பேதி உப்பு என்று நாம் அறிந்த மக்னீஷியம் ஸல்பேட்டை வைத்தியர்கள் உள்ளுக்குக் கொடுப்பதுண்டு. ஸல்பேட் பெருகியதும், வயிற்றில் கரைந்து நிற்கும் பேரியம் கரையாத வெண்பொடியாகப் படிந்துவிடுகிறது.

உங்கள் வீட்டுப் பிள்ளைகள் "இந்தக் கணக்கினால் யாருக்கு என்ன லாபம்?" என்று சலித்துக்கொண்டால், இந்த இரண்டு வெண்பொடிகளின் கதையைச் சொல்லுங்கள். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். பேதம் தெரிவது கணக்குக்கு மட்டுமே.