வெளியே உரிமை, வீட்டுக்குள் வாய்ப்பூட்டா?

ஜொகூர் வாழ் தமிழர்களே, உங்கள் மகள் "நான் சொல்லிசை பாடப் போகிறேன்" என்றால் என்ன சொல்வீர்கள்?

அமெரிக்கத் தென் மாநிலங்களில், அட்லாண்டா போன்ற நகரங்களில், பெரிய நிறுவனங்கள் கண்டுகொள்ளாத கறுப்பின இளைஞர்கள் 'மிக்ஸ்டேப்' வழியாகத்தான் மேலே வந்தார்கள். யாருடைய தயவுக்கும் காத்திராமல் தாமே பதிந்து, கைக்குக் கை பரப்பும் பாடல் தொகுப்பு அது.

நம் இனப் பெண் ஒருவரும் அதே வழியில் வந்தார். யாழ்ப்பாணத்தில் வளர்ந்து, 1986இல் அகதியாக லண்டன் திரும்பிய மாதங்கி அருள்பிரகாசம்தான் அவர். உலகம் அவரை எம்.ஐ.ஏ. என்று அறியும். முதல் ஆல்பம் வருமுன்பே, 2004இல், டிப்ளோவுடன் 'பைரசி ஃபண்ட்ஸ் டெரரிசம்' மிக்ஸ்டேப்பை வெளியிட்டார். 2006இல் அமெரிக்க விசா சிக்கலானபோதும் முடங்கவில்லை. பல நாடுகளில் பதிவு செய்தார், சென்னைக்கும் போனார். 2007இல் வந்த 'கலா' ஆல்பத்தில் ஒலிப்பது, நம் கோயில் திருவிழாக்களில் முழங்கும் அதே உருமி!

பாலத்துக்கு அப்பால் சிங்கப்பூரின் லேடி காஷ் 2010இல் 'எந்திரன்' படத்தில் பாடினார். இங்கோ, 2006இல் யோகி பி-யின் 'வல்லவன்' திறந்த வழியில் நடந்தவர்கள் பெரும்பாலும் ஆண்களே. பெண்களுக்குத் திறமை இல்லையா? மகன் இரவில் ஒலிப்பதிவுக்குப் போனால் பெருமை, மகள் போனால் "நாலு பேர் என்ன சொல்வார்கள்?"

வெளியே உரிமைக்குக் குரல் கொடுக்கும் நாம், வீட்டுக்குள் மகளின் குரலை அடக்கலாமா? அடுத்த கலைநிகழ்ச்சியில் ஒலிவாங்கியை அவளிடம் கொடுங்கள். சிந்திப்போம்!