கத்தரிக்குப் போன அத்தை

ஹிட்ச்காக்கின் 'யங் அண்ட் இன்னசென்ட்' (1937) படத்தை மீண்டும் பார்த்தேன். எல்லோரும் சிலாகிப்பது கடைசியில் வரும் கிரேன் காட்சியை. என் மனமோ நடுவில் வரும் பிறந்தநாள் விருந்திலேயே நின்றுவிட்டது. கொலைப்பழி சுமந்து ஓடும் இளைஞனோடு வந்து மாட்டிக்கொள்ளும் நாயகிக்கு அத்தையாக வருபவர் மேரி கிளேர். உபசாரத்தோடு உபசாரமாக அவர் போடும் ஒவ்வொரு கேள்விக்கும் நமக்கு உள்ளங்கை வியர்க்கிறது. துரத்தும் போலீஸிடம்கூட இவ்வளவு பயமில்லை! குழந்தைகளின் விளையாட்டில் அவர் கண்ணைக் கட்டிய பிறகுதான் இருவராலும் நழுவ முடிகிறது. அமெரிக்காவில் படத்தை வெளியிட்டவர்கள் இந்தக் காட்சியையே வெட்டிவிட்டார்கள். கதை நகர்ந்தால் போதும் என்று நினைக்கிறவர்களின் கத்தரி முதலில் துணை நடிகர்களைத்தான் தேடிப் போகிறது. இத்தனைக்கும் 1931இல் லண்டன் ட்ரூரி லேன் அரங்கில், நோயல் கவர்டின் 'கேவல்கேட்' என்ற பிரம்மாண்ட நாடகத்தின் நாயகி இதே மேரி கிளேர். ஹாலிவுட் அதைப் படமாக்கியபோது அவருடைய வேடம் டயானா வின்யார்டுக்குப் போனது. படம் ஆஸ்கரும் வாங்கியது. வின்யார்டை நான் குறை சொல்லமாட்டேன், நன்றாகவே நடித்தார். ஆனால் அந்த மேடையைத் தாங்கியவருக்குத் திரை கொடுத்ததெல்லாம் அத்தைகளும் சீமாட்டிகளும்தான் என்பது எனக்கு ஆறவில்லை. 'தி லேடி வானிஷஸ்' (1938) ரயில் பெட்டியில் அவர் உட்கார்ந்திருக்கும் விறைப்பைப் பாருங்கள். காணாமல்போன பெண்மணியைத் தேடி வரும் நாயகியிடம், அப்படியொரு ஆங்கிலேயப் பெண்மணி இங்கே இருக்கவே இல்லை என்று அவர் சொல்லும்போது, அந்தப் பெண்மணியைக் கண்ணால் பார்த்த நமக்கே ஒரு கணம் சந்தேகம் வந்துவிடுகிறது.