கருணைக்குமா காத்திருப்பு?

பணியில் இருக்கும்போதே இறந்துவிடும் அரசு ஊழியரின் குடும்பத்தில் ஒருவருக்கு வேலை தரும் ஏற்பாடு நாட்டில் இருக்கிறது. தமிழ்நாட்டில் 1972-ஆம் ஆண்டிலேயே இதற்கு அரசாணை போட்டார்கள். மத்திய சர்க்காரிலும் இந்த ஏற்பாடு உண்டு. கருணை அடிப்படை நியமனம் என்று அதற்குப் பெயர். பெயர் இனிக்கிறது, நடைமுறையோ கசக்கிறது!

இந்த ஏற்பாடு எதற்காக? ஹரியானா அரசு சம்பந்தப்பட்ட வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 1994-ஆம் ஆண்டே இதற்கு விளக்கம் சொல்லிவிட்டது. சம்பாதித்தவர் திடீரென்று மறைந்ததால் தள்ளாடும் குடும்பம் அந்த நெருக்கடியைத் தாண்ட வேண்டும். அதற்குத்தான் இந்த உதவி. கீழ்நிலைப் பதவிகளில்தான் தரலாம். இது வாரிசுச் சொத்து அல்ல என்றது நீதிமன்றம். நாமும் அதை மறுக்கவில்லை. அப்பன் பார்த்த உத்தியோகம் மகனுக்குப் பட்டா போட்டுக் கொடுக்கும் நிலமல்ல.

நாம் கேட்பதெல்லாம் ஒன்றுதான். நெருக்கடிக்கு உதவி என்றால், அந்த உதவி நெருக்கடி நேரத்தில் வர வேண்டாமா? வீடு எரிந்து சாம்பலான பிறகு தண்ணீர் வண்டி வந்து பயன் என்ன?

ஒரிசாவில் 2010-ஆம் ஆண்டு ஓர் அரசு ஊழியர் இறந்தார். அதே ஆண்டில் மகன் மனுக் கொடுத்தார். அந்த மனு அலுவலகங்களில் அலைந்து, நீதிமன்றங்களில் ஏறி இறங்கி, 2022-ஆம் ஆண்டில்தான் உச்ச நீதிமன்றத்தில் முடிவு கண்டது. இத்தகைய மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிவு செய்ய வேண்டும் என்று நீதிபதிகள் அப்போது சொன்னார்கள். நல்ல வார்த்தை!

மறு ஆண்டே, 2023 மார்ச்சில், மேற்கு வங்க நகராட்சி ஊழியர்களின் வாரிசுகள் தொடர்ந்த வழக்கில் இன்னொரு தீர்ப்பு வந்தது. பல ஆண்டுகள் ஓடிவிட்டன, உடனடித் தேவை என்பது போய்விட்டது, ஆகவே நியமனம் இல்லை என்றது அந்தத் தீர்ப்பு. சட்டத்தின் தர்க்கம் நமக்குப் புரிகிறது. ஆனால் பாட்டாளியின் வீட்டில் நின்று இதைப் பாருங்கள். கோப்பை நகர்த்தாமல் வைத்திருப்பது நிர்வாகம். காலம் கடந்துவிட்டது என்று வேலையை இழப்பது விதவை. கடன் வாங்கியும் கூலிக்குப் போயும், பிள்ளையின் படிப்பை நிறுத்தியும் அவள் உயிரோடிருந்தாளே, அதுவே அவளுக்கு எதிரான சாட்சியமாகிவிடுகிறது! தாமதம் செய்தவனுக்குத் தண்டனை இல்லை, தாங்கிக்கொண்டவளுக்குத்தான் தண்டனை!

மத்திய சர்க்காரின் கணக்கையும் பார்ப்போம். நேரடி நியமனத்துக்குரிய கீழ்நிலைக் காலியிடங்களில் நூற்றுக்கு 5 மட்டுமே கருணை நியமனத்துக்கு. 2001-ஆம் ஆண்டில் இன்னொரு உத்தரவு வந்தது: காலியாகும் நேரடி நியமன இடங்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் நிரப்பக் கூடாது என்றார்கள். அப்போது 300 இடம் காலியானால் 100-தான் நிரப்ப முடிந்தது. அதில் 5 இடம் இறந்தவர் குடும்பங்களுக்கு. ஒரு கையால் கதவைச் சாத்திவிட்டு, மறு கையால் சந்தைக் காட்டி, “வாருங்கள்” என்று அழைத்தார்கள்! 2003-இல், மூன்று ஆண்டுக்குள் இடம் கிடைக்காவிட்டால் மனுவையே மூடிவிடு என்றும் உத்தரவு போட்டார்கள். 2012-இல் அதை விலக்கிக் கொண்டார்கள். ஆனால் 5 விழுக்காடு என்ற பூட்டு திறக்கவில்லை.

“வேலையில்லாமல் படித்த இளைஞர்கள் திண்டாடும்போது, தேர்வெழுதாமல் சிலருக்கு வேலையா?” என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்விதான், அதை நாம் அலட்சியம் செய்ய மாட்டோம். ஆனால் அந்த இளைஞனின் இலையிலிருந்து சோற்றை எடுத்தது தகப்பனை இழந்த பிள்ளையா, அல்லது காலியிடங்களை நிரப்பாமல் போட்டு வைத்த நிர்வாகமா? ஏழையையும் ஏழையையும் மோதவிட்டு வேடிக்கை பார்ப்பதற்கு நாம் இடங்கொடுக்கலாகாது.

இன்னொரு கொடுமையும் இருக்கிறது. மத்திய சர்க்காரின் திட்டம் நிரந்தர ஊழியருக்கு மட்டுமே. தினக்கூலிக்கும் ஒப்பந்தத் தொழிலாளிக்கும் அதில் இடமில்லை. ஒரே அலுவலகத்தில் ஒரே வேலையைச் செய்த இருவர் இறந்தால், ஒருவர் வீட்டுக்கு விண்ணப்பப் படிவம். மற்றவர் வீட்டுக்கு வெறுங்கை. ஒப்பந்த முறை பெருகப் பெருக, இந்தக் கருணையின் எல்லையும் சுருங்கிக்கொண்டே போகிறது.

ஆகவே கேட்கிறோம்: மனுக் கொடுத்த ஆறு மாதத்தில் முடிவு சொல்லுங்கள். நிர்வாகம் செய்த தாமதத்தை விண்ணப்பதாரர் தலையில் கட்டாதீர்கள். 5 விழுக்காட்டு வரம்பை மறுபரிசீலனை செய்யுங்கள். காலியிடங்களை நிரப்புங்கள். ஆண்டுக்கணக்கில் உழைக்கும் ஒப்பந்தத் தொழிலாளியின் குடும்பத்துக்கும் ஒரு வழி செய்யுங்கள்.

தோழர்களுக்கும் ஒரு வார்த்தை. உங்கள் கிளையில் ஓர் ஊழியர் மறைந்தால், மாலை போட்டு இரங்கல் தீர்மானம் நிறைவேற்றியதோடு கலைந்து போகாதீர்கள். விதி தெரியாமல், கெடு தெரியாமல் காலத்தை இழந்த குடும்பங்கள் ஏராளம். தமிழ்நாட்டில் மனுக் கொடுக்க மூன்று ஆண்டுதான் கெடு. துக்கம் ஆறட்டும் என்று விட்டுவிட்டால் கெடு கடந்துவிடும். அந்தத் தாயிடம் விவரத்தைச் சொல்லுங்கள், சான்றிதழ்களை வாங்கித் தாருங்கள், மனுவைக் கொடுத்ததற்கு அத்தாட்சி பெறுங்கள், மாதந்தோறும் போய்க் கேளுங்கள்.

உழைத்து மாண்டவன் பிச்சை கேட்கவில்லை. சர்க்கார் கொடுத்த வாக்கைக் காலத்தில் காப்பாற்று என்றுதான் அவன் பிள்ளைகள் கேட்கிறார்கள். அந்தக் குரலோடு நம் குரலும் சேரட்டும்!