கட் அவுட்டுக்குப் பின்னால் ஒரு வீடு

புதுப்படம் ரிலீஸ் என்றால் டி.வி. கேமராக்கள் தியேட்டர் வாசலுக்கு வந்துவிடும். பாலாபிஷேகம், பட்டாசு, மேளதாளம் என்று எல்லாவற்றையும் படம் பிடிக்கும். ஆட்டம் முடிந்து அந்த ரசிகர் எந்த வீட்டுக்குத் திரும்புகிறார், அங்கே என்ன நிலைமை என்று பின்னாலேயே போய்ப் பார்ப்பதில்லை.

இயக்குநர் ரிங்கு கால்சி போய்ப் பார்த்தார். ரஜினி ரசிகர்களைப் பற்றி அவர் எடுத்த ‘ஃபார் த லவ் ஆஃப் எ மேன்’ என்ற ஆவணப்படம் 2015-ல் வெனிஸ் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. ‘ஒரு மனிதனின் மீதுள்ள அன்புக்காக’ என்று பொருள். பேச்செல்லாம் ரஜினியைப் பற்றி என்றாலும், நாயகர்கள் ரசிகர்கள்தான். அடிதடி வாழ்க்கையை விட்டுவிட்டு வேர்க்கடலை விற்பவர், ரஜினியாக மேடையேறும் மிமிக்ரி கலைஞர், டிசம்பர் 12 வந்தால் கைக்காசைப் போட்டுத் தலைவர் பிறந்தநாளைக் கொண்டாடுகிறவர்... இப்படிச் சிலர்.

இவர்களைக் கேலி செய்வது சுலபம். ஆனால் அன்றாடம் உழைத்துப் பிழைப்பவருக்கு மன்றம் ஓர் அடையாளம் தருகிறது. போஸ்டரில் பெயர் வருகிறது. ரத்ததான முகாம் நடத்தினால் தெருவில் நாலு பேர் மதிக்கிறார்கள். அந்த மரியாதை பொய்யில்லை. அதற்கான செலவுதான் வீட்டுக்கு வந்து சேர்கிறது.

சில சமயம் அது பணத்தோடு நிற்பதில்லை. 2023 ஜனவரி 11 அன்று ‘துணிவு’, ‘வாரிசு’ இரண்டும் ஒன்றாக வெளியாயின. கோயம்பேட்டில், பூந்தமல்லி நெடுஞ்சாலையில் மெதுவாகப் போன லாரி மீது ஏறி ஆடிய 19 வயது ரசிகர், கீழே விழுந்து உயிரிழந்தார். அதன்பிறகு தமிழ்நாட்டில் விடியற்காலைக் காட்சிகளுக்கு அனுமதி நின்றுபோனது.

அதே சாலையில் மேற்கே போனால் ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம். கார், செல்போன், டயர் என்று தொழிற்சாலைகள் வரிசையாக நிற்கும் பகுதி. ஷிஃப்டுக்கு ஆள் ஏற்றிப் போகும் கம்பெனி பஸ்ஸில் எட்டிப் பார்த்தால், பாதிப் பேர் அதே வயதுப் பிள்ளைகள். வெளியூரிலிருந்து வந்து, நாலைந்து பேராக ரூம் எடுத்துத் தங்கி, சம்பளத்தில் ஒரு பங்கை ஊருக்கு அனுப்புகிறவர்கள். வாரம் முழுக்க மெஷின் முன்னால் நின்றவர்களுக்கு, தியேட்டரில் கத்தி விசிலடிக்கும் மூன்று மணி நேரம் பெரிய ஆறுதல். அதை யாரும் பறிக்க வேண்டாம்.

தொழிற்சாலைக்குள் ஹெல்மெட் இல்லாமல் விடமாட்டார்கள். தியேட்டர் வாசலில் அப்படித் தடுக்க ஆளில்லை. நம்மை நாம்தான் பார்த்துக்கொள்ள வேண்டும். முதல் காட்சி போனால் அடுத்த காட்சி இருக்கிறது. திரையில் லாரியிலிருந்து குதிக்கும் நாயகனுக்கு டூப் உண்டு. ஊரில் போனுக்காகக் காத்திருக்கும் அம்மாவின் பிள்ளைக்கு டூப் கிடையாது.